உள்ளூர்க்காரன் வேஷம்

எனக்கும் சேட்டனுக்கும் ஒரே வயது. மூன்று மாதம்தான் வித்தியாசம். அவர் என்னை ‘அண்ணா’ என்பார், நான் அவரை ‘சேட்டா’ என்பேன், மலையாளத்தில் அதுவும் அண்ணன்தான். இரண்டு பேருக்குமே இளையவராக இருக்கத்தான் ஆசை. அந்தப் போட்டி இன்றுவரை முடியவில்லை.

ஒரகடத்தில் பிரேக் உதிரிபாகங்கள் செய்கிற ஒரு கம்பெனியில் நான் குவாலிட்டி சூப்பர்வைசர். அங்கிருந்து நாலு கிலோமீட்டர் தள்ளி எங்கள் கிராமம். அப்பா வேர்க்கடலை போட்ட நிலத்தில் இப்போது லாரிகள் நிற்கின்றன. அதைப் பற்றி வருத்தப்படச் சொல்லி அவ்வப்போது யாராவது வந்து மைக்கை நீட்டுவார்கள். சித்திரை வெயிலில் கடலை பிடுங்கியவனுக்குத்தான் தெரியும், ஏசி அறையில் நின்று அளவு பார்ப்பது எப்பேர்ப்பட்ட சுகம் என்று.

சேட்டன் கோட்டயம் பக்கத்திலிருந்து மெயின்டனன்ஸ் இன்ஜினியராக வந்தவர். முதலில் இருங்காட்டுக்கோட்டையில் நாலு பேரோடு ஒரே அறையில் இருந்தார். எங்கள் வீட்டு மாடி காலியானதும் இங்கே குடிவந்துவிட்டார். தமிழை அவர் எங்கள் கம்பெனி லைன் ஆட்களிடம் கற்றுக்கொண்டார். அதனால் “ஆயில் லீக் ஆவுது, பாத்துக்கினு நிக்கிறியே” என்று மலையாள ராகத்தில் அசல் ஒரகடம் தமிழ் பேசுவார்.

அவர் வந்த முதல் வருடம் கம்பெனி ஆண்டு விழாவில் ஒரு நாடகம் போட்டோம். அதில் நான் மலையாளியாக நடித்தேன். வேட்டியை மடித்துக் கட்டி, நெற்றியில் சந்தனம் பூசி, கையில் டீக் கெட்டிலோடு வந்து, பார்க்கிறவர்களிடமெல்லாம் “எந்தா, எந்தா” என்று கேட்டேன். எனக்குத் தெரிந்த மலையாளம் அவ்வளவுதான். முதல் பரிசு எங்களுக்கே கிடைத்தது. சேட்டனும் முன்வரிசையில் உட்கார்ந்து கைதட்டினார்.

மறுநாள் கேன்டீனில் சாவகாசமாகக் கேட்டார். “அண்ணா, நேத்து வந்த டீக்கடைக்காரன் எந்த ஜில்லா?”

“ஜில்லாவா? கேரளா.”

“ஓ,” என்று சொல்லிவிட்டு சாம்பார் சாதத்தைப் பிசைந்தார்.

அதற்கு அடுத்த ஞாயிற்றுக்கிழமைதான் என் வீட்டு டிவியில் ஒரு மலையாளப் படத்தைப் போட்டுக் காட்டினார். ரேஷன் கார்டில் ஒருவனின் அப்பா பெயர் தப்பாக அச்சாகிவிடுகிறது. அதைத் திருத்த அவன் அலைகிறான். ஒரு ஆபீசர் லீவு, இன்னொருவருக்குப் பல்வலி, மூன்றாவது ஆபீசருக்கு அவன் மாமாவோடு பழைய கட்சித் தகராறு. இடைவேளை வரை நானும் என் மனைவியும் சண்டைக்காகக் காத்திருந்தோம்.

“இவன் யாரைத்தான் அடிப்பான்?” என்றாள் மனைவி.

“யாரையும் அடிக்க மாட்டான் அக்கா.”

“அப்போ ரேஷன் கார்டு?”

“அதுவும் கிடைக்காது.”

கிடைக்கவில்லைதான். படம் முடிகிறபோது அவன் இன்னொரு விண்ணப்பம் எழுதிக்கொண்டிருந்தான். மனைவி எழுந்து துணி மடிக்கப் போய்விட்டாள். என்னால் எழுந்திருக்க முடியவில்லை. எங்கள் பட்டா பெயர் மாற்றத்துக்கு நான் ஸ்ரீபெரும்புதூர் தாலுகா ஆபீசில் உட்கார்ந்த பெஞ்சு, அந்தப் படத்தில் இருந்த பெஞ்சு மாதிரியே ஒரு கால் ஆடும். ஒரு பெஞ்சின் ஆட்டத்தை சினிமாவில் காட்டலாம் என்று அதுவரை எனக்குத் தெரியாது.

அதன் பிறகு நான் கெட்டுப்போனேன். வாரம் இரண்டு மலையாளப் படம், சப்டைட்டிலோடு. வழுக்கைத் தலை கதாநாயகன், வாயுத்தொல்லை உள்ள கான்ஸ்டபிள், சீட்டாடும் பாதிரியார், வளைகுடாவிலிருந்து திரும்பி எட்டு அறை வீடு கட்டி அடுக்களையில் மட்டும் வாழ்கிற மனிதர், கணவனைக் கேள்வி கேட்டுவிட்டு நிதானமாக மீன் வறுக்கிற பெண். எல்லாப் படத்திலும் மழை பெய்தது, ஆனால் யாரும் அதில் ஆடவில்லை. எல்லோரும் பேப்பர் படித்தார்கள், படித்ததைப் பற்றிச் சண்டை போட்டார்கள், அப்புறம் சேர்ந்து உட்கார்ந்து கப்பக்கிழங்கு சாப்பிட்டார்கள்.

டீ பிரேக்கில் நான் பிரசங்கம் செய்ய ஆரம்பித்தேன். ‘யதார்த்தம்’ என்ற சொல் அந்த நாட்களில் என் வாயில் வெற்றிலை மாதிரி அடங்கியிருந்தது. நம் ஆட்களுக்குப் படம் எடுக்கத் தெரியவில்லை, ஒரே அடி, ஒரே வெட்டு, பறக்கிற கார். கேரளாவைப் பார், அங்கே வாழ்க்கையை அப்படியே எடுக்கிறான் என்பேன். நான் கேரளாவுக்குப் போனதே இல்லை என்பது யாருக்கும் தெரியாது. தெரிந்த ஒரே மனிதர் சேட்டன். அவரோ எங்கள் பறக்கிற கார்களின் பரம ரசிகர். பெரிய நடிகர் படம் வெளியானால் முதல் நாள் காலைக் காட்சிக்கு ஷிஃப்ட் மாற்றிக்கொண்டு போய், பேப்பர் கிழித்துத் தூவி, தொண்டை கட்டிக்கொண்டு வருவார்.

“உங்க ஊர் படத்த வுட்டுட்டு இதுக்கா இப்படிக் கத்துற சேட்டா?”

“ரேஷன் கார்டுக்கு நானே நாலு வாட்டி அலஞ்சிருக்கேன் அண்ணா. அத டிக்கெட் எடுத்து வேற பாக்கணுமா?”

அந்தப் படங்களில் ஒன்றே ஒன்றுதான் எனக்கு உறுத்தியது. நடுநடுவே தமிழன் ஒருவன் வருவான். லாரி ஓட்டுவான், இல்லையென்றால் எல்லை தாண்டி வந்து கொலை செய்வான். நெற்றி நிறைய விபூதி, கிடா மீசை, வாய்க்கு வாய் ‘ஏலே’. கேரளத்துக் கான்ஸ்டபிளின் வாயுத்தொல்லையைக்கூடக் கவனித்த இயக்குநர்கள், தமிழன் வந்தால் மட்டும் அவசரத்தில் இருந்தார்கள். நான் அதற்கும் ஒரு சமாதானம் வைத்திருந்தேன். “அது திருநெல்வேலி பக்கத்து ஆளுங்களா இருக்கும்” என்பேன். சேட்டன் தலையாட்டிக்கொள்வார்.

இப்படி இருக்கையில்தான் ஒரு மலையாளப் படக்குழு எங்கள் பக்கம் வந்தது. டிப்ளமா முடித்த கேரளத்து இளைஞன் ஒருவன் ஒரகடத்துக்கு வேலைக்கு வந்து படும் பாடுதான் கதை. உதவி இயக்குநர், சேட்டனோடு பள்ளியில் படித்தவருடைய தம்பி. வாடகை அறைகள் உள்ள ஒரு வீடும், வீட்டுக்காரராக நடிக்க ஒரு ஆளும் வேண்டும் என்று சேட்டனைத் தேடி எங்கள் வீட்டுக்கே வந்தார்.

வீட்டை வாசலிலிருந்து பார்த்ததுமே அவர் முகம் வாடிவிட்டது. இரண்டு மாடி, கிரானைட் படி, எவர்சில்வர் கேட், மூலையில் சிசிடிவி கேமரா. தயங்கித் தயங்கிச் சொன்னார். “வீடு நல்லா இருக்கு. ஆனா நமக்கு லோக்கலா ஒரு வீடு வேணும்.”

என் மனைவிக்கு வந்ததே கோபம். “ஏன், இது இன்னா சிங்கப்பூர்லயா கீது?”

அந்த நேரம் பார்த்து நான் ஷிஃப்ட் முடிந்து, கழுத்தில் அடையாள அட்டையோடு உள்ளே வந்தேன். சேட்டன் என்னைக் காட்டி, “வீட்டுக்காரர் வேஷத்துக்கு இவரப் போடு. நிஜமாவே வீட்டுக்காரர். உங்க படமெல்லாம் மனப்பாடம்” என்றார்.

உதவி இயக்குநர் என்னை மேலும் கீழும் பார்த்தார். பிறகு சேட்டனிடம் மலையாளத்தில் மெதுவாகச் சொன்னார். சப்டைட்டில் இல்லாமலே எனக்குப் புரிந்தது. “இவரைப் பார்த்தால் மலையாளி மாதிரி இருக்கிறாரே.”

இருந்தாலும் ஒரு வசனம் பேசிக் காட்டச் சொன்னார். காலை ஆறரைக்கு மேல் தண்ணீர் மோட்டார் போட மாட்டேன் என்று வீட்டுக்காரர் கண்டிப்பாகச் சொல்ல வேண்டும். இதை நான் நிஜ வாழ்க்கையில் பதினைந்து வருடமாகச் சொல்லி வருகிறேன். ஒத்திகையே தேவையில்லை.

“தோ பாரு தம்பி, ஆற்ர மணிக்கு மேல மோட்டார் போட மாட்டேன். முன்னாடியே ரொப்பி வெச்சிக்கோ.”

அவர் தலையைச் சொறிந்தார். “நல்லாருக்கு சார். கொஞ்சம் தமிழா சொல்ல முடியுமா?”

“இது இன்னா தெலுங்கா?”

“இல்ல சார். தமிழ்னா... ஏலே, ஆறரைக்கு மேல மோட்டார் ஓடாதுலே, தெரிஞ்சுதாலே. இந்த மாதிரி.”

“இந்த ஊர்ல யாரும் லே போட மாட்டாங்களே.”

“உங்களுக்குத் தெரியும், எனக்குத் தெரியும். ஆடியன்ஸுக்குத் தமிழ்னு தெரியணுமே சார்.”

என் கொள்கைப்படி அங்கேயே கேட்டைச் சாத்தியிருக்க வேண்டும். ஆனால் சினிமா. மூன்று நாள் லீவு எழுதிக் கொடுத்தேன்.

படப்பிடிப்புக்கு வல்லக்கோட்டை தாண்டி ஒரு பாழடைந்த ஓட்டு வீட்டைப் பிடித்திருந்தார்கள். தவிட்டு மூட்டை போட்டு வைத்திருந்த வீடு. அதற்கு வெளிறிய நீலம் அடித்து, அந்த நீலத்தையும் சுரண்டி விட்டிருந்தார்கள். வாசலில் கட்ட ஒரு எருமை தேவைப்பட்டது. சுற்று வட்டாரத்தில் யாரிடமும் எருமை இல்லை. கடைசியில் வாலாஜாபாத் பக்கத்திலிருந்து டெம்போவில் வந்து இறங்கியது. மூன்று நாளும் எங்கள் எல்லோரையும்விட அது அமைதியாக நடித்தது.

மேக்கப்காரர் முதலில் என் முகத்தில் இன்னும் கொஞ்சம் கறுப்பைத் தடவினார். என் மீசைக்கு மேலேயே இன்னொரு மீசையை ஒட்டினார். ஓட்டை பனியன், மடித்துக் கட்டிய லுங்கி, பட்டையாக விபூதி, தோளில் துண்டு. எல்லாம் முடிந்து நிமிர்ந்தால் இடுப்பில் சொருக ஒரு அரிவாளை நீட்டுகிறார்கள்.

“ரூம் வாடகைக்கு விடறவனுக்கு எதுக்குங்க அருவா?”

“தேங்காய் வெட்ட” என்றார் உதவி இயக்குநர். சுற்றிலும் ஒரு தென்னை மரம்கூடக் கிடையாது.

அன்றைக்கு மொழி உதவிக்காக சேட்டனும் லீவு போட்டு வந்திருந்தார். அவர் இரண்டு இடத்தில் வசனத்தைத் திருத்திக் கொடுத்தார். எங்கள் ஊரில் எப்படிப் பேசுவார்களோ அப்படியே எழுதிக் கொடுத்தார். உதவி இயக்குநர் படித்துப் பார்த்துவிட்டு, சேட்டனின் தமிழ் கெட்டுப்போய்விட்டது என்று கவலைப்பட்டார். அந்தக் களத்தில் ஒரகடம் தமிழ் எழுதத் தெரிந்த ஒரே ஆள் கோட்டயத்துக்காரர், அவருடைய தமிழும் செல்லாது.

அரிவாளைக் கையில் வைத்துக்கொண்டு நான் அவரை ஓரமாகக் கூப்பிட்டேன். “சேட்டா, நீயாச்சும் சொல்லேன். நா இப்படியா கீறேன்?”

அவர் கோபமே இல்லாமல் சொன்னார். “இல்லதான் அண்ணா. ஆண்டு விழாவுல கெட்டில் தூக்கினீங்க இல்ல? அது மாதிரி நெனச்சிக்கங்க.”

இரண்டு வருடம் அதை அவர் மனதில் வைத்திருந்தார். அன்று கேன்டீனில் அவர் சாம்பார் சாதம் பிசைந்தது என் கண்முன் வந்தது. கோபமாகச் சொல்லியிருந்தால் பதிலுக்கு ஏதாவது சொல்லியிருப்பேன். அரிவாளை இடுப்பில் சொருகிக்கொண்டேன்.

ஊர் ஜனம் வேடிக்கை பார்க்கக் கூடிவிட்டது. எல்லோரும் ஜீன்ஸ், டி-ஷர்ட், கையில் போன். என் பெரியப்பா மகன் பைக்கில் இருந்தபடியே கத்தினான். “இன்னாடா இது வேஷம்? தெருக்கூத்தா?”

இயக்குநர் மிகவும் சாந்தமான மனிதர். தொப்பையும் கண்ணாடியுமாக, அவர் படத்தில் வருகிற ஸ்கூல் வாத்தியார் மாதிரியே இருந்தார். ஊர்க்காரர்கள் ஃபிரேமில் விழுந்தால் கிராமம் மாதிரித் தெரியவில்லை என்று கைகூப்பி அவர்களை விலகி நிற்கச் சொன்னார். அவர்களுக்குப் பதில் கிராமத்தாராக நடிக்க சென்னையிலிருந்து ஒரு வேன் நிறைய ஆட்கள் வந்து லுங்கி கட்டி நின்றார்கள். அதில் இருவர் ஒடிசாக்காரர்கள்.

மூன்றாம் நாள் காலை ஒன்று நடந்தது. கதாநாயகன் குழாயடியில் பக்கெட்டோடு நிற்கிறான். நான் வந்து அவனைத் திட்ட வேண்டும். கேமரா ஓடும்போதே நிஜமாகவே கரண்ட் போய் மோட்டார் நின்றுவிட்டது. அந்தப் பையன் தண்ணீர் வராத குழாயைப் பார்த்துக்கொண்டு அப்படியே நின்றான். என்னையறியாமல் என் வாயில் வந்தது. “அய்ய, கரண்ட்டு பூட்ச்சே. இரு தம்பி, எங்க வூட்லேந்து ரெண்டு கொடம் எத்துக்கினு வரேன்.”

இயக்குநர் ‘கட்’ சொல்லவில்லை. பையன் என்னைப் பார்த்துச் சிரித்தான், கண் கலங்கியது. ஷாட் முடிந்ததும் எல்லோரும் கைதட்டினார்கள். இயக்குநர் வந்து என் கையைப் பிடித்து, இதுதான் வேண்டும், இதுதான் வாழ்க்கை என்றார். அன்று வீட்டுக்கு வந்து ஒட்டு மீசையைப் பிய்த்து எடுக்கும்போது, என்னால் மலையாள சினிமாவுக்குக் கொஞ்சம் யதார்த்தம் கிடைத்தது என்று நினைத்துக்கொண்டேன். மனைவியிடம் சொல்லவும் செய்தேன். அவள், “மூஞ்சில சோப்பு போடுங்க, கறுப்பு போவல” என்றாள்.

ஏழெட்டு மாதம் கழித்துப் படம் வந்தது. போரூர் பக்கம் ஒரு மாலில் ஓடியது. வேன் எடுத்துக்கொண்டு சொந்தக்காரர்கள் பதினோரு பேரோடு மதியக் காட்சிக்குப் போனோம். சேட்டன் எனக்கு வலது பக்கம், மனைவி இடது பக்கம். அரங்கில் மற்றவர்கள் எல்லோரும் மலையாளிகள்.

நான் திரையில் வந்ததும் எங்கள் வரிசை கைதட்டியது. நான் வாயைத் திறந்தேன். உள்ளேயிருந்து வேறு யாருடைய குரலோ வந்தது. பானைக்குள் தலையை விட்டுப் பேசுகிற மாதிரி ஒரு முரட்டுக் குரல். வாக்கியத்துக்கு மூன்று ‘லே’.

என் மனைவி காதருகே வந்து, “உங்களுக்கு இன்னா ஆச்சு, சளியா?” என்றாள்.

சரி, குழாயடிக் காட்சி வரட்டும் என்று காத்திருந்தேன். வந்தது. கரண்ட் போனது. பையன் குழாயைப் பார்த்து நின்றான். நான் பரிவோடு அவனைப் பார்த்து வாயசைத்தேன். குரல் சொன்னது: “கரண்ட் போச்சுலே. தண்ணி கெடையாதுலே. ஓடுலே.” பையன் சிரித்து, கண் கலங்கினான். இப்போது அது அவமானத்தை மறைக்கிற சிரிப்பாகத் தெரிந்தது. அரங்கு முழுக்க ‘ச்சே’ என்றது. பின்வரிசையில் ஒரு பெண் என்னை ஏதோ திட்டினாள். அதுவும் சப்டைட்டில் இல்லாமல் புரிந்தது.

சேட்டன் தலையைக் குனிந்துகொண்டார்.

ஆனாலும் சொல்லத்தான் வேண்டும், படம் நன்றாக இருந்தது. சிங்கப்பெருமாள் கோவில் ஸ்டேஷனிலிருந்து ஷேர் ஆட்டோவில் ஒன்பதாவது ஆளாகத் தொங்கிக்கொண்டு, அந்தப் பையன் அம்மாவிடம் போனில் ‘உட்கார இடம் கிடைத்தது’ என்று பொய் சொல்வான். என் மனைவி அதற்கு அழுதாள். ஒரகடத்தில் ஒரு மலையாளி எப்படி இருப்பான் என்பதில் ஒரு நூல் பிசகவில்லை. ஒரகடம் எப்படி இருக்கும் என்பதில்தான் எல்லாம் பிசகியிருந்தது.

வெளியே வந்ததும் சேட்டன் பார்க்கிங்கில் நின்று உதவி இயக்குநருக்குப் போன் போட்டார். யதார்த்தப் படத்தில் வருகிற மலையாளி மாதிரி இல்லை, எங்கள் மாஸ் படத்து ஹீரோ மாதிரி கத்தினார். கையை உயர்த்தி, வேன் கதவில் குத்தி, சுற்றியிருந்தவர்கள் திரும்பிப் பார்க்கும் அளவுக்கு. கடைசியில் போனை வைத்துவிட்டு என்னிடம் வந்தார்.

“வீட்டுக்காரன் நல்லவன்னா பையன் எதுக்கு ரூம காலி பண்ணிட்டுப் போவான்னு கேக்கறான் அண்ணா.”

யோசித்துப் பார்த்தால் அதுவும் நியாயம்தான். “அந்தப் பையன் நீதானா சேட்டா?” என்று கேட்டேன்.

“பாதி நான்தான். அவங்கிட்ட நான்தான் எல்லாம் சொன்னேன்.”

“அப்போ அந்த வீட்டுக்காரன்?”

“இருங்காட்டுக்கோட்டை ரூம் ஓனர் அப்படித்தான் அண்ணா இருந்தாரு. லே மட்டும் போட மாட்டாரு.”

வேனில் திரும்பும்போது பெரியப்பா மகன் மட்டும் நடுவில் ஒருமுறை, எருமை நன்றாக நடித்திருந்தது என்றான்.

சில நாளில் சேட்டன் போனில் வந்த விமர்சனங்களைப் படித்துக் காட்டினார். தமிழ் மண்ணை இவ்வளவு அசலாக எந்த மலையாளப் படமும் காட்டியதில்லை என்ற பொருளில் பலரும் எழுதியிருந்தார்கள். வீட்டுக்காரராக வந்த தமிழ் நடிகரின் குரலைத் தனியாகப் பாராட்டியிருந்தார்கள். கம்பெனியில் எனக்கு ‘லே சார்’ என்று பெயர் வந்தது. தூத்துக்குடியிலிருந்து வந்த புது டிரெய்னி ஒருவன், “சார், உங்களுக்கு எங்க பக்கமா?” என்று ஆசையோடு கேட்டான். பாவம், ஊர் ஆள் கிடைத்த சந்தோஷம். ஆமாம் தம்பி, தாய்வழியில் என்று சொல்லிவிட்டேன்.

டீ பிரேக் பிரசங்கத்தை நிறுத்தினேன். படம் பார்ப்பதை நிறுத்த முடியவில்லை. அதனால்தானோ என்னவோ, அந்த உதவி இயக்குநர் மறுபடி கூப்பிட்டபோது, வெட்கமில்லாமல் சரி என்றேன். இந்த முறை தமிழ்நாட்டுப் போலீஸ் கான்ஸ்டபிள். இடம் பாலக்காடு பக்கம்.

கேரளாவை நான் முதன்முதலாகப் பார்த்தது அப்படித்தான். பஸ் எல்லையைத் தாண்டியதும் ஜன்னலைத் திறந்து மழைக்காகக் காத்திருந்தேன். ஒரகடத்தை விடக் கொடுமையான வெயில். முதலில் கண்ணில் பட்டது எங்கள் பெரிய நடிகருக்கு மாலை போட்ட ஆளுயரக் கட்அவுட். டீக்கடையில் யாரும் பேப்பர் படிக்கவில்லை. நம்மைப் போலவே போனைத் தேய்த்துக்கொண்டிருந்தார்கள். கப்பக்கிழங்கு கேட்டேன். புரோட்டாதான் இருந்தது.

காக்கி உடுப்பும் பஞ்சுத் தொப்பையும் மாட்டிவிட்டு, ஷாட் தயாராகும்வரை என்னை ஒரு திண்டில் உட்கார வைத்தார்கள். பக்கத்தில் இன்னொரு கான்ஸ்டபிளாகச் சென்னைத் துணை நடிகர் ஒருவர். நடு வயதில் ஒரு அம்மா ரோட்டைக் கடந்து நேராக என்னிடம் வந்து பேச ஆரம்பித்தார். பஞ்சாயத்து அவர் வீட்டு வாசலில் குழி தோண்டிவிட்டு மூன்று மாதமாக மூடவில்லை. மெம்பரிடம் சொன்னால் வேறு கட்சி என்கிறார். பிரசிடென்ட் கல்யாண வீட்டில் இருக்கிறார். குழியில் பக்கத்து வீட்டு மாப்பிள்ளை விழுந்து, அதற்கும் இவரையே குறை சொல்கிறார்கள். சப்டைட்டில் இல்லாத படம் மாதிரி இருந்தது. ஒரு வார்த்தை விடாமல் புரிந்தது.

கால் மணி நேரம் கேட்ட பிறகு, பொய் சொல்லக் கூடாது என்று நினைத்து, எனக்குத் தெரிந்த மலையாளத்தையும் தமிழையும் கலந்து சொன்னேன். “அம்மா, நா போலீஸ் இல்ல. ஷூட்டிங் ஆளு.”

“அது எனக்குத் தெரியும்” என்றார் அவர் மலையாளத்தில். “போலீஸா இருந்தா இவ்வளவு நேரம் கேட்டிருப்பானா?”

அதற்குள் ஷாட்டுக்குக் கூப்பிட்டார்கள். நான் எழுந்ததும் அந்த அம்மா கொஞ்சமும் தடைப்படாமல், விட்ட இடத்திலிருந்து, ஒரு சொல்கூடப் புரியாத சென்னைக் கான்ஸ்டபிளிடம் மீதியைச் சொல்லத் தொடங்கினார். அவர் தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு, மரியாதையாகத் தலையாட்டிக்கொண்டிருந்தார்.